‘லாதே’யைக் காணோம்!

குற்றாலச் சாரலைப் பற்றிக் கவிதை எழுதியவர்கள் அநேகம். அவர்களில் ஒருவராவது, ஸ்கெட்ச் பேனாவால் எழுதிய அட்டையைக் கையில் பிடித்துக்கொண்டு அந்தச் சாரலில் அரை மணி நேரம் நின்றிருப்பாரா என்பது சந்தேகம்.

நான் நின்றேன். 2025 ஆகஸ்ட், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, தென்காசியில். அட்டையில் என் கையாலேயே ‘நாய்களைக் கொல்லாதே!’ என்று கொட்டை எழுத்தில் எழுதியிருந்தேன். எதிர் டீக்கடையில் ஏழெட்டுப் பேர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒரு பெரியவர் கட்டை விரலை உயர்த்தி, “சரியாச் சொன்னிய தம்பி!” என்றார். பரவாயில்லையே, ஆதரவு பெருகுகிறதே என்று நெஞ்சை நிமிர்த்தினேன். பக்கத்தில் நின்ற பையன்தான் காதில் சொன்னான். “அண்ணே, அட்டையைப் பாருங்க.”

பார்த்தேன். வலது ஓரம் சாரலில் ஊறி, மை கரைந்து, ‘லாதே’ என்ற இரண்டு எழுத்தும் ஆச்சரியக்குறியும் நீலத் தண்ணீராக என் முழங்கை வழியே இறங்கிக்கொண்டிருந்தன. மிச்சமிருந்தது: ‘நாய்களைக் கொல்’.

தமிழில் இது ஒரு பெரிய தொந்தரவு. மறுப்பை எப்போதும் வாலில்தான் வைப்போம். வரவில்லை, தரமாட்டேன், செய்யாதே. வால் நனைந்தால் போச்சு. பேச்சில் ஆபத்தில்லை. அட்டையில் ஆபத்து. காற்றில் ஓரம் மடங்கினாலும், முன்னால் நிற்பவரின் தலை மறைத்தாலும், போட்டோக்காரர் அவசரமாக எடுத்தாலும் நம் கொள்கை தலைகீழ்!

சரி, முதலிலிருந்து வருகிறேன்.

2025 ஆகஸ்ட் 11-ம் தேதி, டெல்லியிலும் சுற்றுவட்டாரத்திலும் இருக்கும் தெருநாய்களை எல்லாம் பிடித்துக் காப்பகத்தில் அடையுங்கள், திரும்பத் தெருவில் விடாதீர்கள் என்று சுப்ரீம் கோர்ட் உத்தரவு போட்டது. என் நண்பன் ஒருவன் இன்ஷூரன்ஸ் ஏஜென்ட். தினமும் ராத்திரி அவன் பைக் சத்தம் கேட்டதும் தெருமுனையில் ஏழு நாய்கள் எழுந்து நிற்கும். பாலிசி எடுத்தவர்கள்கூட அவனை அப்படி வரவேற்றதில்லை. கொதித்துப் போய் வந்தான்.

“டெல்லி நாய்க்குத் தென்காசில என்னடா?” என்றேன்.

“இன்னைக்கு டெல்லி. நாளைக்கு நம்ம தெரு.”

ஆலோசனைக் கூட்டம் செங்கோட்டை போகிற வழியில், பிரானூர் பார்டரில் நடந்தது. அங்கே எதற்குப் போவார்கள் என்று தென் மாவட்டத்துக்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. பரோட்டாவும் நாட்டுக்கோழியும். பிராணிகளின் உரிமையைப் பற்றி நண்பன் உருக்கமாகப் பேசிக்கொண்டிருந்தபோது, எங்களில் ஒரு பள்ளிக்கூட வாத்தியார் எலும்பை இலையில் வைத்துவிட்டு, “கோழிக்கு யாரு கொடி பிடிக்கது?” என்று கேட்டார். கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. “அது இன்னொரு ஞாயித்துக்கிழமை” என்றான் நண்பன். தீர்மானம் நிறைவேறியது.

பி.காம். படித்தவன் எதையாவது எண்ணத் தெரிந்தவனாக இருப்பான் என்ற நம்பிக்கையில், கூட்டத்தையும் அட்டைகளையும் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு எனக்கு வந்தது. எனக்குத் தெரிந்த கூட்டமெல்லாம் ரேஷன் கடையும் தீபாவளி பஸ்ஸும்தான். மனு எழுதிக்கொண்டு போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனோம். ‘30(2) அமல்’ என்று பேப்பரில் பார்த்திருப்பீர்கள். அது 1861-ம் வருஷத்துப் போலீஸ் சட்டம். ஊர்வலம், கூட்டம் என்றால் முன்கூட்டியே கேள் என்கிற பிரிவு.

மனுவை வாங்கியவர் ஓர் ஏட்டய்யா. ரிட்டயர்மென்ட்டை நெருங்கிய வயசு. கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு நிதானமாகப் படித்தார்.

“எத்தன பேரு வருவிய?”

“முப்பது, நாற்பது பேர்.”

“எப்படிப் போவிய?”

“பஸ் ஸ்டாண்டு பக்கத்துல ஆரம்பிச்சு, கோஷம் போட்டுக்கிட்டே வந்து…”

“வாரதைக் கேக்கல தம்பி. முடிஞ்ச பெறவு எந்தப் பக்கமாப் போவிய?”

நண்பனும் நானும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். கூட்டம் சேருமா என்று பயந்திருந்தோமே தவிர, சேர்ந்த கூட்டம் வீட்டுக்குப் போக வேண்டும் என்பது தோன்றவே இல்லை.

ஏட்டய்யா பெஞ்சைக் காட்டினார். இருபது வருஷத்துக்கு மேல் குற்றாலம் சீசன் டூட்டி பார்த்தவர். மெயினருவியில் விசில் ஊதி ஊதிக் கன்னம் உப்பிப் போனதாக அவரே சொன்னார். சீசனில் போய்ப் பாருங்கள். ஆண்களுக்கு ஒரு பக்கம், பெண்களுக்கு ஒரு பக்கம். பிடித்துக்கொள்ளக் கம்பி. தலைக்கு மேலே பாதுகாப்பு வளைவு. தண்ணீர் அந்த வளைவைத் தாண்டி விழுந்தால் குளிக்கத் தடை. எண்ணெய் தேய்த்த ஆயிரம் பேரை, எழுத்து ஒன்றுகூட இல்லாத ஒரு விசிலால் உள்ளே விட்டு வெளியே எடுக்கிறார்கள். அருவிச் சத்தத்தில் மைக் எடுபடாது. எடுபட்டாலும் அருவிக்குள் இருப்பவன் காதில் தண்ணீர்.

“மெயினருவி மேல பொங்குமாகடல் இருக்குல்லா?” என்றார். “மலையிலேருந்து வார தண்ணி நேரா நம்ம தலையில விழுந்தா கழுத்து நிக்குமா? நடுவுல அந்தப் பள்ளத்துல விழுந்து, பொங்கி, வேகம் கொறஞ்சுதான் கீழ வருது. அதனாலதான் நீங்க சீயக்கா போட்டுக் குளிக்கிய. கூட்டத்துக்கும் நடுவுல ஒரு பொங்குமாகடல் வெட்டணும்.”

“எப்படி?”

“நாப்பது பேர ஒரே குவியலா நிறுத்தாதிய. பத்துப் பத்தா நிறுத்துங்க. நடுவுல ஒரு ஆட்டோ போற அளவு இடம் விடுங்க. எவனாவது மயங்கி விழுந்தா தூக்கிட்டுப் போக வழி. எவனுக்காவது கோவம் வந்தா ஆறுததுக்கு எடம்.”

கடைசியில் குரலைத் தாழ்த்தி, “பழைய குத்தாலத்துல நடந்தது தெரியும்லா?” என்றார். 2024 மே 17. மேலே மலையில் கோடை மழை. பழைய குற்றாலத்தில் குளித்துக்கொண்டிருந்தவர்கள் மேல் திடீரென்று காட்டாற்று வெள்ளம். ஜனங்கள் அலறி ஓடினார்கள். நெல்லையிலிருந்து வந்த 17 வயதுப் பையனை வெள்ளம் கொண்டுபோய்விட்டது. ஒரு இடத்தில் எத்தனை பேர் நிற்கலாம் என்று மட்டும் பார்க்கக்கூடாது, எத்தனை நிமிஷத்தில் காலி பண்ண முடியும் என்று பார்க்கணும் என்றார். நான் நோட்டில் எழுதிக்கொண்டேன். காலேஜில்கூட அவ்வளவு எழுதியதில்லை.

வீட்டுக்கு வந்து நானும் கொஞ்சம் படித்தேன். கூட்டத்தைப் பற்றி ஆராய்ச்சி செய்தவர்கள் சொல்லும் கணக்கை நம் வீட்டு அறைக்கு மாற்றிப் பார்த்தேன். பத்தடிக்குப் பத்தடி அறை. அதில் 18, 20 பேர் நின்றால் நடக்கலாம், திரும்பலாம். 35-ஐத் தாண்டினால் தோளும் தோளும் இடிக்கும். 60-ஐத் தொட்டால் அது மனிதர்களின் கூட்டம் இல்லை, தண்ணீர். எங்கேயோ பின்னால் ஒருத்தர் தள்ளினால் அலை மாதிரி முன்னால் வந்து மோதும். நம் காலை நாம் நகர்த்த முடியாது. அது நகர்த்தும். நெரிசலில் இறப்பவர்கள் மிதிபட்டுத்தான் இறக்கிறார்கள் என்று நினைக்கிறோம். பலர் நின்ற நிலையிலேயே, நெஞ்சு விரிய இடமில்லாமல், மூச்சு முட்டி இறக்கிறார்கள். தென்கொரியாவின் சியோல் நகரில், 2022 அக்டோபர் 29-ம் தேதி இரவு, ஒரு குறுகலான சந்தில் 159 உயிர்கள் போனது அப்படித்தான்.

அதனால் நீங்கள் எந்தக் கூட்டத்தில் மாட்டினாலும் (நாய்க்கூட்டமோ, நடிகர் கூட்டமோ), குத்துச்சண்டைக்காரன் மாதிரி இரண்டு கையையும் நெஞ்சுக்கு முன்னால் மடக்கிக்கொள்ளுங்கள். மூச்சுக்கு அந்த இரண்டு அங்குலம் போதும். செருப்பு கழன்றால் குனியாதீர்கள். புதுச் செருப்பாக இருந்தாலும். அலையை எதிர்க்காமல், அது போகிற போக்கிலேயே கோணலாக ஓரத்துக்கு நகருங்கள். பின்னால் நிற்பவனுக்கு முன்னால் நடப்பது தெரியாது. அவன் கெட்டவன் இல்லை, வேடிக்கை பார்க்க எக்குகிறான், அவ்வளவுதான். நான் இதைப் படித்த அடுத்த மாதமே, செப்டம்பர் 27-ம் தேதி, கரூரில் ஓர் அரசியல் கூட்டத்தில் 41 பேர் இறந்தார்கள். மணிக்கணக்கில் காத்திருந்த கூட்டம் அது. அன்று இரவு டி.வி.யை அணைத்துவிட்டு அந்த நோட்டை எடுத்துப் பார்த்தேன். ‘எந்தப் பக்கமாப் போவிய?’ என்று மட்டும் இரண்டு தடவை எழுதியிருந்தேன்.

பிராணி விவகாரத்துக்காகத் தமிழ்நாட்டில் சேர்ந்த மிகப் பெரிய கூட்டம் எது? மெரினா, 2017 ஜனவரி. ஜல்லிக்கட்டு. ‘அது பிராணி உரிமைப் போராட்டமா, அதற்கு எதிரான போராட்டமா?’ என்று கேட்பீர்கள். அதுதான் வேடிக்கை. ‘காளையைக் கொடுமை செய்யாதே’ என்று பீட்டா ஒரு பக்கம். ‘ஜல்லிக்கட்டு இல்லாவிட்டால் நாட்டுக்காளையே மிஞ்சாது’ என்று இளைஞர்கள் மறுபக்கம். இரண்டு அட்டையிலும் ஒரே காளையின் படம். 2014 மே 7-ம் தேதி சுப்ரீம் கோர்ட் ஜல்லிக்கட்டைத் தடை செய்தது. 2023 மே 18-ம் தேதி அதே கோர்ட்டின் அரசியல் சாசன பெஞ்ச் தமிழ்நாட்டுச் சட்டத்தைச் செல்லும் என்றது. நடுவில் நடந்தது மெரினா.

அப்போது நான் சென்னையில் ஓர் ஆபீஸில் இருந்தேன். ‘மாலையில் பீச் காற்று வாங்கப் போகிறேன்’ என்று ஹவுஸ் ஓனரிடம் சொல்லிவிட்டுப் போய் இரண்டு ராத்திரி உட்கார்ந்திருந்தேன். இன்று நினைத்தாலும் ஆச்சரியம்தான். தலைவன் இல்லை. கட்சிக்கொடி இல்லை. விளக்கை அணைத்தால் செல்போன் வெளிச்சம். பிஸ்கட்டும் தண்ணீரும் கை மாறி வந்தன. பையன்களே டிராஃபிக்கை ஒழுங்குபடுத்தினார்கள், குப்பையைப் பொறுக்கினார்கள். பெண்கள் நடுராத்திரியிலும் பயமில்லாமல் உட்கார்ந்திருந்தார்கள். பெரும்பாலும் எல்லோரும் உட்கார்ந்தே இருந்தோம் என்பதைக் கவனியுங்கள். பிறகு வரும்.

ஜனவரி 21-ம் தேதி அவசரச் சட்டம் வந்தது. ஜெயித்தாயிற்று! ஆனால் ஜெயித்ததை யார் சொல்வது? யார் சொன்னால் எழுந்து போவது? தலைவன் இல்லாதது ஐந்து நாள் பலமாக இருந்தது. கடைசியில் அதுவே சிக்கல். அவசரச் சட்டம் போதாது, நிரந்தரச் சட்டம் வேண்டும் என்றது ஒரு பகுதி. முதல்வர் ஓ.பன்னீர்செல்வம் வாடிவாசலைத் திறக்க அலங்காநல்லூர் பக்கம் போய், எதிர்ப்பினால் திறக்காமலே திரும்பினார். 23-ம் தேதி காலை மெரினாவில் போலீஸ் கூட்டத்தைக் கலைக்க ஆரம்பித்தது. மிச்சமிருந்தவர்கள் கடல் ஓரத்துக்கு நகர்ந்து தேசிய கீதம் பாடினார்கள். ஐஸ் ஹவுஸ் போலீஸ் ஸ்டேஷன் பக்கம் தீ. நடுக்குப்பத்தில் மீன் மார்க்கெட் எரிந்தது. அன்று மாலையே சட்டசபையில் மசோதா நிறைவேறியது. கலவரத்தை விசாரிக்க நீதிபதி ராஜேஸ்வரன் கமிஷன் போட்டார்கள். யார் மேல் தப்பு என்று நான் தீர்ப்புச் சொல்ல வரவில்லை. லட்சக்கணக்கான பேர் ஒழுங்காக வந்த பாதை ஊருக்கே தெரிந்திருந்தது. போகிற பாதையை யாரும் யோசித்து வைக்கவில்லை. தென்காசி ஏட்டய்யாவை அழைத்துப் போய் முதல் நாளே கேட்க வைத்திருக்கலாம்.

அட்டைக்கு வருகிறேன்.

முதல் எதிரி, கம்பு. அட்டையை உயர்த்திப் பிடிக்க மூங்கில் கம்பு வசதிதான். ஆனால் கோபம் வந்த மறு நொடி அட்டை கழன்று விழுந்து கம்பு மட்டும் கையில் நிற்கும். லண்டனில் 1907-ல் ஒரு நாய்க்காக நடந்த ரகளை சரித்திரத்தில் இருக்கிறது. மருத்துவக் கல்லூரிச் சோதனையில் இறந்ததாகச் சொல்லப்பட்ட ஒரு பழுப்பு நாய்க்கு பாட்டர்ஸி என்ற இடத்தில் 1906-ல் சிலை வைத்தார்கள். மருத்துவ மாணவர்களுக்குக் கோபம். 1907 டிசம்பர் 10-ம் தேதி சுமார் ஆயிரம் பேர், குச்சிகளில் நாய் பொம்மையைச் செருகிக்கொண்டு ஊர்வலம் போனார்கள். சிலைக்கு ஆதரவானவர்களோடும் போலீஸோடும் அடிதடி. 1910-ல் சிலையையே ராத்திரியோடு ராத்திரியாக அகற்றிவிட்டார்கள்.

கம்புக்குப் பதில் ஜவுளிக்கடைக்குப் போங்கள். துணி சுற்றி வரும் அட்டைக் குழாயைக் கேட்டால் சும்மாவே தருவார்கள். அதால் அடித்தால் அடிபட்டவன் சிரிப்பான். இல்லாவிட்டால் அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொள்ளலாம், இரண்டு கையும் சும்மா இருக்கும். கயிறு மட்டும் இழுத்தால் அறுந்துவிடுகிற பூ நூலாக இருக்கட்டும்.

இரண்டாவது எதிரி, உயரம். நம் தெருக்களில் மேலே என்ன தொங்குகிறது என்று நாம் நிமிர்ந்து பார்ப்பதில்லை. 2022 ஏப்ரல் 27-ம் தேதி தஞ்சாவூர் அருகே களிமேட்டில் தேர் உயர் அழுத்த மின்கம்பியில் உரசி 11 பேர் இறந்தார்கள். ஈரமான நீளக் கம்போ இரும்புச் சட்டமோ தேரைவிட நல்லது என்று மின்சாரம் நினைக்காது. ஃப்ளெக்ஸ் பேனரைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். 2019 செப்டம்பரில் பள்ளிக்கரணையில் பேனர் சரிந்து, ஸ்கூட்டரில் போன ஓர் இளம்பெண் லாரியில் சிக்கி இறந்ததற்குப் பிறகும் அதைக் கட்டுகிறவர்களுக்கு என்ன சொல்ல? தென்காசியில் கூடுதலாக, ஜூனிலிருந்து செப்டம்பர் வரை ஆரியங்காவு கணவாய் வழியாக வருகிற காற்று. அந்தக் காற்றை நம்பித்தான் சுரண்டைப் பக்கம் காற்றாலைகளே நிற்கின்றன. அதில் பத்தடித் துணியை இரண்டு பேர் விரித்துப் பிடித்தால் நேராகக் கடையநல்லூர் போய் இறங்கலாம்.

எழுத்தின் அளவுக்கு ஒரு கணக்கு உண்டு. பத்தடி தூரத்துக்கு ஓர் அங்குல உயரம். நாற்பதடி ரோட்டின் மறுபக்கத்தில் நிற்பவருக்கு நாலு அங்குல எழுத்து. இரண்டடி அட்டையில் வரிக்கு ஆறு எழுத்துதான் வரும். ஆகவே மூன்று வார்த்தைக்கு மேல் எழுதுகிறவர், போராட வரவில்லை, கட்டுரை எழுத வந்திருக்கிறார். ஸ்கெட்ச் பேனா ஆகாது, பெயின்ட். மேலே ஒரு பிளாஸ்டிக் உறை. இதை நான் தெரிந்துகொண்ட விதத்தைத்தான் முதலிலேயே சொன்னேனே.

வாகனத்தை மறிக்காதீர்கள் என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். 1995 பிப்ரவரி 1-ம் தேதி, இங்கிலாந்தின் கவென்ட்ரி விமான நிலையத்தில், கன்றுக்குட்டிகளை ஏற்றுமதிக்குக் கொண்டுபோன லாரியை மறிக்கப் போய் ஜில் ஃபிப்ஸ் என்ற பெண் சக்கரத்தில் சிக்கி இறந்தார். 31 வயது. உயரமான கேபினில் இருக்கும் டிரைவருக்குப் பம்பருக்குக் கீழே நிற்பவர் தெரியமாட்டார். நம் ஊர் டிப்பர் லாரிக்கும் இதேதான்.

அந்த ஞாயிற்றுக்கிழமைக்குத் திரும்புவோம். 34 பேர் வந்தார்கள். வாசலில் டிக்கெட் கிழிப்பவன் மாதிரி நின்று எண்ணினேன். பத்துப் பத்தாக நிறுத்தி நடுவில் இடம் விட்டோம். எல்லாம் ஏட்டய்யா சொன்னபடி. சொல்லாமல் விட்ட ஒரே விஷயம், நண்பன் தன் மாமாவின் ராஜபாளையம் நாயைக் கூட்டி வந்தது. வெள்ளை வெளேரென்று, ராஜா மாதிரி நின்றது. “போட்டோவுக்கு நல்லாருக்கும்டா” என்றான். ஆளாளுக்கு வந்து தடவினார்கள். வாலைக் காலுக்கிடையில் வைத்துக்கொண்டு அது என் பக்கத்தில் ஒண்டியது. அது அன்பு என்று நினைத்தேன்.

பிறகுதான் ‘லாதே’ கரைந்தது.

ரோட்டின் மறுபக்கத்திலிருந்து ஓர் ஆட்டோக்காரர் என் அட்டையைப் பார்த்துவிட்டு, ஏழெட்டு வயது மகளைக் கையில் பிடித்துக்கொண்டு வேகமாக வந்தார். என் கையைப் பிடித்துக் குலுக்கினார். “இத்தன நாள் கழிச்சு நீங்களாவது கேக்க வந்தியளே அண்ணாச்சி!” அந்தப் பெண்ணின் கெண்டைக்காலைக் காட்டினார். மூன்று தழும்புகள். தெருநாய். அதற்குள் மற்ற அட்டைகள் அவர் கண்ணில் பட்டன. முகம் மாறியது.

“அப்ப நீங்க நாய்க்கா வந்திருக்கிய?”

குரல் உயர்ந்தது. டீக்கடையில் இருந்த ஏழெட்டுப் பேர் அவர் பின்னால் வந்து பதினைந்து, இருபது ஆனார்கள். எங்கள் பையன்கள் என் பின்னால். நாற்பதடி ரோடு மூன்றடியாகிவிட்டது. யாரோ ஒரு பையன் நான் சொன்னதைக் கேட்காமல் அட்டையை மூங்கில் கம்பில் அடித்துக்கொண்டு வந்திருந்தான். அவன் பிடி கம்பின் நடுவுக்கு இறங்கியதைப் பார்த்தேன். அட்டையைப் பிடிப்பவன் நுனியைப் பிடிப்பான். நடுவைப் பிடித்தால் வேறு உத்தேசம். நடுவில் அந்தச் சின்னப் பெண். என் வயிறு ஜில்லென்றது. நோட்டில் எழுதிய ஒன்றும் ஞாபகம் வரவில்லை.

ஏட்டய்யா லத்தியை எடுக்கவில்லை. நாங்கள் விட்டிருந்த இடைவெளி வழியாக நடுவில் வந்தார். முதலில் அந்தப் பெண்ணைத் தூக்கி டீக்கடை பெஞ்சில் உட்கார வைத்தார். திரும்பி வந்து, “அட்டையெல்லாம் கீழ வைங்க. எனக்குக் கால் நோவுது. எல்லாரும் உக்காருங்க” என்றார்.

“ரோடு ஈரமா…”

“உக்காருலே!”

உட்கார்ந்தோம். நம்ப மாட்டீர்கள், ஒரு நிமிஷத்தில் சண்டை காணாமல் போனது. உட்கார்ந்தவன் தள்ள முடியாது. கம்பை ஓங்க முடியாது. பின்னால் நிற்பவன் எக்க வேண்டியதில்லை, முன்னால் நடப்பது அவனுக்கும் தெரிகிறது. வேடிக்கை பார்க்க வந்தவர்கள், உட்கார்ந்திருக்கும் முப்பது பேரிடம் வேடிக்கை ஒன்றுமில்லை என்று டீ ஆறுவதற்குள் கலைந்தார்கள். ஏட்டய்யா எங்கள் மைக்கை வாங்கி ஆட்டோக்காரர் கையில் கொடுத்தார். “நீங்க சொல்லுங்க. அவிய கேக்கட்டும்.”

அவர் மேடைப் பேச்சாளர் இல்லை. மகள் ஊசிக்குப் போன தேதிகளைச் சொன்னார். ‘தண்ணியப் பாத்து அவ பயப்படுதாளா’ என்று ராத்திரி ராத்திரி டம்ளரை நீட்டிப் பார்த்ததைச் சொன்னார். இன்றும் அவள் தெருவில் விளையாடப் போவதில்லை என்றார். “நாயைக் கொல்லணும்னு சொல்லல. எம் புள்ள தெருவுல நடக்கணும், அவ்வளவுதான்” என்றார். எங்கள் முப்பத்து நாலு பேரில் ஒருவரும் தலை நிமிரவில்லை. வாத்தியார் மட்டும் மெதுவாகச் சொன்னார். நாயைப் பிடித்துக் கருத்தடை செய்து, வெறிநாய்க்கடி தடுப்பூசி போட்டு, அதே இடத்தில் விடவேண்டும் என்று 2023 மார்ச்சில் மத்திய அரசு போட்ட விதியே இருக்கிறது. அதைச் செய்யத்தான் நாங்களும் கேட்கிறோம் என்று. ஆட்டோக்காரர் கேட்டார்: “இதை அட்டையில எழுதுனா என்ன?”

நியாயம்தானே!

அப்போதுதான் ஒரு பஸ் ஏர் ஹாரனை அடித்துக்கொண்டு போனது. ராஜபாளையம் துள்ளி எழுந்தது. தரையில் அதன் மட்டத்துக்குச் சரியாக உட்கார்ந்திருந்தவன் நான்.

முழங்கையில் கடி.

கூட்டத்துக்குப் பிராணியைக் கூட்டி வராதீர்கள். சத்தம், கூட்டம், முன்பின் தெரியாத கைகள். அதற்கு என்ன தெரியும், நாம் அதற்காகத்தான் கத்துகிறோம் என்று? வாலைக் காலுக்கிடையில் வைத்தபோதே அது மனு கொடுத்துவிட்டது. நான்தான் படிக்கவில்லை.

எல்லோரும் நாயையும் என்னையும் பார்த்துக்கொண்டிருந்தபோது ஓடியவர் ஆட்டோக்காரர்தான். டீக்கடையிலிருந்து சோப்பு வாங்கி வந்து என்னைக் குழாயடிக்கு இழுத்தார். “தேய்க்காதிய. சோப்பைப் போட்டுத் தண்ணிய ஓட விடுங்க. பதினஞ்சு நிமிசம். மஞ்சப்பொடி, சுண்ணாம்பு ஒண்ணும் வைக்கப்படாது.” யாரோ “வீட்டு நாய்தானே, ஊசி போட்டிருக்கு” என்றார்கள். “இருந்தாலும் போடணும். டாக்டர் சொல்லட்டும்” என்று என்னை ஆட்டோவில் ஏற்றி அரசு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். ஊசி அன்றைக்கு ஒன்று, பிறகு 3, 7, 28-ம் நாள். நர்ஸ் சொல்வதற்கு முன்னால் அவரே சொன்னார். மகளுக்காக மனப்பாடம் செய்தது. பின் சீட்டில் அந்தப் பெண் என் கையையே பார்த்துக்கொண்டு வந்தது. “வலிக்கா மாமா?” என்றது. “இல்லை” என்றேன். “பொய்” என்றது.

கூட்டம் எப்படிக் கலைந்தது என்று நண்பன் ராத்திரி வந்து சொன்னான். முதலிலேயே பேசி வைத்த மாதிரி, பத்துப் பத்துப் பேராக, பின்தெரு வழியாக. இடையில் ஐந்தைந்து நிமிஷம். அட்டைகளைத் தெருவில் போடாமல் எடுத்துக்கொண்டு போனார்களாம். வந்தவர்கள் 34. நடந்து போனவர்கள் 33. ஆஸ்பத்திரிக்கு 1. கணக்கு டாலி!

ஆகஸ்ட் 22-ம் தேதி சுப்ரீம் கோர்ட்டும் தன் உத்தரவை மாற்றியது. கருத்தடை செய்து ஊசி போட்ட நாய்களை அதே இடத்தில் விடலாம், வெறிபிடித்ததையும் மூர்க்கமானதையும் விடக்கூடாது, தெருவில் கண்ட இடத்தில் சோறு போடாமல் அதற்கென்று இடம் ஒதுக்கவேண்டும் என்று. நவம்பர் 7-ம் தேதி, பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, பஸ் ஸ்டாண்டு, ரயில்வே ஸ்டேஷன் போன்ற இடங்களில் இருந்து நாய்களை அகற்றச் சொன்னது. நண்பன் ஒரு நாள் சந்தோஷப்பட்டான், ஒரு நாள் வருத்தப்பட்டான். ஏழு நாய்க்கும் சொந்தக் காசில் ஊசி போட்டுவிட்டான்.

கடைசி ஊசி போட்டுக்கொண்டு வெளியே வந்தபோது ஆட்டோக்காரர் வாசலில் நின்றார். எங்கள் தெருக்களில் ஊசி முகாம் கேட்டு எல்லோரும் சேர்ந்து ஒரு கூட்டம் போடலாம் என்றார். புது அட்டைக்கு வாசகமும் அவர்தான் சொன்னார். ‘நாய்க்கு ஊசி போடு’. மூன்றே வார்த்தை. எந்தப் பக்கம் நனைந்தாலும் பாதகமில்லை. (எழுதிப் பார்த்தேன். முதல் வார்த்தை அழிந்தால் ‘ஊசி போடு’. கடைசி வார்த்தை அழிந்தால் ‘நாய்க்கு ஊசி’.)

மனுவோடு மூன்று பேரும் ஸ்டேஷனுக்குப் போனோம். இந்தத் தடவை தயாராக இருந்தேன். எத்தனை பேர், எந்தப் பக்கமாக வருவோம், எந்தப் பக்கமாகப் போவோம், நடுவில் எத்தனை அடி, எல்லாவற்றுக்கும் ஒரு வரைபடமே போட்டிருந்தேன். ஏட்டய்யா கண்ணாடியைத் தூக்கிவிட்டு மனுவைப் படித்தார். வரைபடத்தைப் பார்த்தார். திருப்பி வைத்துவிட்டு என் முழங்கையைப் பார்த்தார்.

“நாய் வருதா?” என்றார்.